ஒரு பையனும் ஒரு பொட்டலமும்: சஸ்பென்ஸ் படங்களின் பழைய கதை ஒன்று

பதிவு கொஞ்சம் நீளம். காபியோடு உட்கார்ந்து படியுங்கள்.

நம் பேச்சுவழக்கில் ‘சஸ்பென்ஸ்’ என்றால் கடைசி வரை சொல்லாமல் வைத்திருப்பது. முதல் காட்சி பார்த்துவிட்டு வந்தவனிடம் “சஸ்பென்ஸை உடைச்சிடாதேடா” என்று கெஞ்சுவோம். பரிசுப் பொட்டலத்தைக் கொடுத்துவிட்டு “என்னன்னு சொல்ல மாட்டேன், சஸ்பென்ஸ்” என்போம். ஒளித்து வைப்பதுதான் சஸ்பென்ஸ் என்று நமக்குப் பதிந்துபோயிருக்கிறது.

அந்தச் சொல்லைத் தன் முகவரியாகவே ஆக்கிக்கொண்டவர் ஆல்ஃப்ரெட் ஹிட்ச்காக். 1925 முதல் 1976 வரை ஐம்பதுக்கும் மேற்பட்ட படங்கள் எடுத்தவர். அவர் அதற்குக் கொடுத்த பொருள் நமக்கு நேர் எதிரானது. ஒளித்து வைத்தால் கடைசியில் ஒரு நொடி திடுக்கிடலாம். முன்கூட்டியே சொல்லிவிட்டால்தான் பார்ப்பவன் படம் முழுக்கப் பதறுவான் என்பது அவர் கணக்கு. இதை அவர் எங்கே கற்றார், அதற்கு என்ன விலை கொடுத்தார் என்பதை ஒரே ஒரு படத்தை வைத்துச் சொல்லலாம் என்று நினைக்கிறேன். 1936இல் வந்த ‘சபோட்டாஜ்’. நாசவேலை என்று பொருள். (நான் பேசப்போகும் படங்களின் முடிவையெல்லாம் சொல்லிவிடுவேன். எல்லாமே அறுபது வருடத்துக்கு மேற்பட்ட படங்கள், மன்னிக்கலாம்.)

வரலாற்று வாத்தியார் புத்தி, ஒரு தேதியில் இருந்துதான் தொடங்கும். 1894 பிப்ரவரி 15, மாலை ஐந்து மணிக்குச் சற்று முன்பு. லண்டன் கிரீனிச் பூங்காவில், உலகத்துக்கே கடிகாரம் திருத்தும் அந்த வானாய்வுக்கூடத்தின் பக்கத்தில், ஒரு வெடிச்சத்தம். ஓடிப்போய்ப் பார்த்தால் ஓர் இளைஞன் மண்டியிட்டுக் கிடக்கிறான். ஒரு கை இல்லை, வயிறு சிதைந்திருக்கிறது. மார்ஷியல் பூர்தேன் என்ற பிரெஞ்சுக்காரன், வயது 26, அரசே கூடாது என்னும் அராஜகவாதிகளோடு பழகியவன். கையில் கொண்டுபோன குண்டு கையிலேயே வெடித்துவிட்டது. கொஞ்ச நேரத்தில் மருத்துவமனையில் இறந்துபோனான். அவனைத் தவிர யாருக்கும் காயமில்லை, கட்டடத்துக்கும் சேதமில்லை. அவன் எதற்காக அங்கே போனான் என்பது கடைசி வரை தெளிவாகவில்லை.

இந்தச் செய்தியில் இருந்து ஜோசப் கான்ராட் 1907இல் ‘தி சீக்ரெட் ஏஜென்ட்’ என்ற நாவலை எழுதினார். வெர்லாக் என்று ஒரு கடைக்காரன். வெளிநாட்டுத் தூதரகம் ஒன்றுக்கு ரகசியமாக வேலை பார்ப்பவன். அவன் மனைவி வின்னி. அவளுடைய தம்பி ஸ்டீவி, மனவளர்ச்சி குன்றியவன், பரம சாது. வண்டிக்காரன் குதிரையை அடித்தால்கூடத் தாங்கமாட்டான். அந்தத் தம்பியைக் கண்கலங்காமல் பார்த்துக்கொள்வான் என்ற ஒரே காரணத்துக்காகத்தான் வின்னி வெர்லாக்கைக் கட்டிக்கொண்டதே. வெர்லாக் அந்தப் பையன் கையில் குண்டைக் கொடுத்து அனுப்புகிறான். கிரீனிச்சில் அவன் மரவேரில் தடுக்கி விழ, குண்டு வெடிக்கிறது.

ஆனால் நான் சொன்ன வரிசையில் கான்ராட் சொல்லவில்லை. வெடித்ததை அவர் காட்டுவதே இல்லை. பத்திரிகையில் செய்தி வந்ததாக யாரோ யாரிடமோ பேசுகிறார்கள். போலீஸ் அதிகாரி போய்ச் சிதறிய உடலைப் பார்க்கிறார். செத்தது யார் என்று நமக்குச் சந்தேகம் மெல்ல ஏறுகிறது. கடைசியில் ஒரு துண்டுத் துணி. தம்பி எங்கேயாவது தொலைந்துபோவானோ என்று அக்காள் அவன் கோட்டுக்குள் வீட்டு விலாசத்தைத் தைத்து வைத்திருந்தாள். அந்த விலாசத் துணிதான் சாட்சி. கான்ராட் காலத்தை முன்பின்னாகக் கலைத்து, நடந்து முடிந்த பிறகு நம்மை அங்கே கொண்டுபோய் நிறுத்துகிறார். நாவலுக்கு அது மிகப் பொருத்தம். படித்து முடித்த பிறகும் அந்தத் துணி என் மனதைவிட்டுப் போகவில்லை.

ஹிட்ச்காக் இதைப் படமாக்க எடுத்துக்கொண்டபோது பெயரிலேயே ஒரு சிக்கல். அதே 1936இல் அவர் சாமர்செட் மாமின் கதைகளை வைத்து ‘சீக்ரெட் ஏஜென்ட்’ என்ற பெயரில் வேறொரு படம் எடுத்து முடித்திருந்தார். அதனால் ‘தி சீக்ரெட் ஏஜென்ட்’ நாவலுக்கு ‘சபோட்டாஜ்’ என்ற பெயர். இன்றைக்கும் பலர் குழப்பிக்கொள்கிறார்கள்.

கதையில் அவர் செய்த மாற்றங்கள் பல. வெர்லாக்கின் கடை சினிமாக் கொட்டகையாகிறது. ஸ்டீவி கைகால் துறுதுறுவென்று இருக்கும் பள்ளிக்கூடப் பையனாகிறான். கிரீனிச்சுக்குப் பதில் பிக்கடில்லி சர்க்கஸ், லண்டனின் நடு நாற்சந்தி. முதலில் வெர்லாக் மின்நிலையத்தின் எந்திரத்தில் மண்ணைப் போட்டு ஊரை இருட்டாக்குகிறான். லண்டன் ஜனங்கள் மெழுகுவத்தி ஏற்றிவைத்துச் சிரிக்கிறார்கள். அவனை ஏவியவருக்கு அந்தச் சிரிப்புதான் கோபம். அடுத்தது சிரிக்க முடியாததாக இருக்கவேண்டும் என்று சொல்லித்தான் குண்டு வேலையைக் கொடுக்கிறார்.

இவற்றையெல்லாம்விடப் பெரிய மாற்றம் ஒன்று. கான்ராட் காட்டாமல் விட்ட அந்தப் பயணத்தை ஹிட்ச்காக் முழுசாகக் காட்டினார். அதுவும் பயணம் தொடங்கும் முன்பே நமக்கு எல்லாவற்றையும் சொல்லிவிட்டு.

குண்டு செய்பவர் பறவைக் கடைக்காரர். பறவைக் கூண்டோடு குண்டு வீட்டுக்கு வருகிறது. கூடவே ஒரு சீட்டு: 1.45க்குப் பறவைகள் பாடும் என்று. வெர்லாக் தானே கொண்டுபோகலாம் என்றால் வாசலில் போலீஸ் கண்காணிப்பு. ஆகவே மைத்துனனைக் கூப்பிடுகிறான். பொட்டலத்தை பிக்கடில்லி ரயில் நிலையத்தில் பொருள் வைக்கும் இடத்தில் 1.30க்குள் கொடுத்துவிட வேண்டும், அப்படியே திருப்பித்தர வேண்டிய படச்சுருள் டப்பாக்களையும் எடுத்துப்போ என்கிறான். பையன் ஒரு கையில் பொட்டலம், மறு கையில் டப்பாவோடு துள்ளிக்கொண்டு கிளம்புகிறான். அவனுக்கு ஒன்றும் தெரியாது. நமக்கு நிமிடம்வரை தெரியும்.

அடுத்து நடப்பதுதான் பாடம். ஹிட்ச்காக் எந்த அவசரமும் காட்டுவதில்லை. தெருவில் பல்பசை விற்கிறவன் ஒருவன் கூட்டம் சேர்த்து வாய்ஜாலம் செய்துகொண்டிருக்கிறான். நம் சந்தைகளில் லேகியம் விற்பவர்களைப் பார்த்திருப்பீர்களே, அதே ஜாதி. வேடிக்கை பார்த்த பையனை இழுத்து உட்காரவைத்துப் பல்லைத் தேய்க்கிறான், தலையில் தைலத்தைத் தடவி வாரிவிடுகிறான். கூட்டம் சிரிக்கிறது. சாதாரணமாக நாமும் சிரித்திருப்போம். இப்போது அந்த ஆள் பேசும் ஒவ்வொரு வார்த்தைக்கும் “விடுய்யா அந்தப் பையனை” என்று மனசு அடித்துக்கொள்கிறது. அங்கிருந்து தப்பினால் மேயர் ஊர்வலம். சாலையைக் கடக்க முடியாது. பையன் ஆசையாக ஊர்வலம் பார்க்கிறான். எந்தப் பையன்தான் பார்க்கமாட்டான்?

நேரமாகிவிட்டதே என்று பேருந்தில் ஏறுகிறான். நடத்துநர் தடுக்கிறார். அந்தக் காலப் படச்சுருள் நைட்ரேட்டால் ஆனது, தீப்பொறி பட்டால் போதும், குப்பென்று பிடிக்கும். பொது வண்டியில் கொண்டுபோகக் கூடாது என்பது விதி. பையனின் முகத்தைப் பார்த்து, டப்பாவின் மேல் எழுதியிருக்கும் படத்தின் பெயரைப் படித்துக் கேலி பேசி, போனால் போகிறது என்று விட்டுவிடுகிறார். டப்பாவைப் பார்த்துப் பயந்தவர் பொட்டலத்தைக் கவனிக்கவில்லை. அவர் கறாராக இருந்து இறக்கிவிட்டிருக்கக் கூடாதா என்று நாம் தவிக்கிறோம். ஓர் ஆளின் நல்ல மனசைக் கண்டு பார்ப்பவனைப் பயப்பட வைத்த காட்சி, எனக்குத் தெரிந்து இதற்கு முன் சினிமாவில் இல்லை.

பேருந்தில் பக்கத்து இருக்கையில் ஓர் அம்மாள், மடியில் நாய்க்குட்டி. பையன் அதைக் கொஞ்சுகிறான். சாலையில் நெரிசல். சிவப்பு விளக்கு. தெருக் கடிகாரம். பொட்டலம். மறுபடி கடிகாரம். இங்கே ஒரு நுணுக்கம் உண்டு, பின்னாளில் ஹிட்ச்காக்கே விளக்கினார். பொட்டலத்தை ஒவ்வொரு முறையும் ஒரே கோணத்தில் காட்டினால் கண் பழகிப்போய், சும்மா ஒரு பொட்டலம்தானே என்று ஆகிவிடும். அதனால் ஒவ்வொரு தடவையும் கோணத்தை மாற்றினார். கரும்பலகையில் ஒரே சொல்லைப் பத்துத் தடவை எழுதிப்போட்டால் பிள்ளைகள் அதைப் படிப்பதை நிறுத்திவிடுவார்கள். வகுப்பு எடுத்தவர்களுக்கு இது புரியும்.

நேரம் நெருங்குகிறது. படம் பார்த்துப் பழகிய யாருக்கும் தெரியும், கடைசி நொடியில் ஏதாவது நடந்து பையன் பிழைப்பான் என்று. 1909இலேயே கிரிஃபித் ‘தி லோன்லி வில்லா’ எடுத்துவிட்டார். வீட்டுக்குள் திருடர்கள், பூட்டிய அறையில் மனைவி மக்கள், அங்கே ஓடிவரும் கணவன் என்று மாற்றி மாற்றிக் காட்டி, கடைசியில் காப்பாற்றிவிடுவார். சினிமா தோன்றிய காலந்தொட்டு இது பார்ப்பவனுக்கும் படம் எடுப்பவனுக்கும் உள்ள எழுதாத ஒப்பந்தம். ‘சபோட்டாஜ்’ அந்த ஒப்பந்தத்தைக் கிழித்தது. பேருந்து வெடித்துச் சிதறுகிறது. பையன், நாய்க்குட்டி, அந்த அம்மாள், எல்லாரும்.

அன்றைக்குப் பார்த்தவர்களில் பலருக்குக் கோபம். விமர்சகர்களும் கடிந்துகொண்டார்கள். அந்தக் கோபம் ஹிட்ச்காக்கை விடவேயில்லை. 1962 ஆகஸ்டில் பிரெஞ்சு இயக்குநர் பிரான்சுவா த்ரூஃபோ ஹாலிவுட்டுக்கு வந்து, மொழிபெயர்ப்பாளரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு அவரோடு நாள்கணக்கில் உட்கார்ந்து பேசினார். அந்த உரையாடல் 1966இல் புத்தகமாக வந்தது. சினிமா படிப்பவர்களுக்கு இன்றும் அதுதான் பாலபாடம். உலகம் முழுக்கச் சொல்லப்படும் ‘மேசைக்கு அடியில் குண்டு’ உதாரணம் அதில்தான் இருக்கிறது. இரண்டு பேர் மேசையில் பேசிக்கொண்டிருக்க, திடீரென்று குண்டு வெடித்தால் பார்ப்பவனுக்குப் பதினைந்து நொடி அதிர்ச்சி. குண்டு இருப்பதும் எத்தனை மணிக்கு வெடிக்கும் என்பதும் முன்பே தெரிந்தால், அதே வெட்டிப்பேச்சு பதினைந்து நிமிடப் பதற்றமாகிவிடும். அந்தப் பல்பசைக்காரன் பேச்சை நினைத்துக்கொள்ளுங்கள், விளங்கும்.

அதே புத்தகத்தில் அவர் ‘சபோட்டாஜ்’ பற்றியும் பேசுகிறார். பையனைச் சாகவிட்டது தப்பு என்கிறார். அவன்மேல் அவ்வளவு பாசத்தை ஏற்றிவிட்டு, அவ்வளவு நேரம் பதறவைத்துவிட்டு, குண்டை வெடிக்க விட்டிருக்கக் கூடாதாம். வெர்லாக் பையனை வேண்டுமென்றே கொல்வதாக வைத்து, அதையும் திரையில் காட்டாமல் விட்டிருக்கலாம் என்பது அவர் யோசனை. த்ரூஃபோவும் ஒத்துக்கொள்கிறார், படத்தில் குழந்தையைக் கொல்வது சினிமாவின் பலத்தைத் தவறாகப் பயன்படுத்துவதுபோல என்று அவருக்கும் எண்ணம்.

இரண்டு மேதைகள் ஒத்துக்கொண்ட விஷயம். இருந்தாலும் எனக்கு உடன்பாடில்லை. ஏன் என்று சொல்ல அடுத்த காட்சிக்குப் போகவேண்டும்.

படச்சுருள் டப்பாவை வைத்துத்தான் செத்தது ஸ்டீவி என்று தெரிகிறது. நாவலில் கோட்டுத் துணி, இங்கே டப்பா. அன்று இரவு வீட்டில் சாப்பாடு. அக்காள் பரிமாறுகிறாள். தம்பியின் நாற்காலி காலி. வெர்லாக் மற்றவர்கள்மேல் பழியைப் போட்டுவிட்டு, முட்டைக்கோஸ் வேண்டாமே என்று சாதாரணமாகச் சொல்கிறான். அவள் கையில் இறைச்சி வெட்டும் கத்தி. அவள் அதைப் பார்க்கிறாள், கீழே வைக்கிறாள், கை மறுபடி தானாக அதனிடம் போகிறது. அவன் அதைப் பார்த்துவிடுகிறான். கை, கத்தி, கண். பேச்சே கிடையாது. அந்தப் பாத்திரத்தில் நடித்த சில்வியா சிட்னி நாடகமேடைப் பழக்கமுள்ளவர். துண்டு துண்டாகக் கையையும் முகத்தையும் எடுத்துக்கொண்டிருக்கிறாரே, வசனமே இல்லையே என்று படப்பிடிப்பில் அழுதிருக்கிறார். தொகுத்துப் போட்டுக் காட்டியபோதுதான் அசந்துபோனாராம். கணவன் எழுந்து வருகிறான். கத்தி ஏறிவிடுகிறது. அவள் குத்தினாளா, அவனே வந்து விழுந்தானா என்று அறுதியிட்டுச் சொல்ல முடியாது.

இந்தக் காட்சியில் யாரும் யாரையும் விளக்கவேண்டிய தேவையே இல்லை. ஏனென்றால் அந்தப் பேருந்தில் நாமும் இருந்தோம். ஹிட்ச்காக் பிற்பாடு யோசித்த மாதிரி பையனைத் திரைக்கு வெளியே கொன்றிருந்தால் இவள் செய்வது வெறும் பழிவாங்கலாகத் தெரிந்திருக்கும். ‘சரிதான், செத்தான்’ என்று கைதட்டிவிட்டு எழுந்திருப்போம். இப்போது கைதட்டத் தோன்றுவதில்லை.

இங்கே நம்மூர்ப் படம் ஒன்றைச் சொல்லாமல் இருக்க முடியாது. 1954இல் ஏவி.எம். தயாரித்து, வீணை எஸ். பாலசந்தர் இயக்கிய ‘அந்த நாள்’. ஜாவர் சீதாராமன் எழுதி, சி.ஐ.டி. சிவானந்தமாக நடித்தது. பாட்டே இல்லாத படம் என்று எல்லாரும் சொல்வோம். குரோசாவாவின் ‘ராஷோமோன்’ தாக்கம் என்பதும் தெரிந்ததுதான். ஆனால் ‘சபோட்டாஜ்’ படத்தோடு பக்கத்தில் வைத்துப் பாருங்கள். 1943, சென்னைமீது ஜப்பான்காரன் குண்டு போட்ட நேரம். ரேடியோ இன்ஜினீயர் ராஜன் (சிவாஜி) சுடப்பட்டுக் கிடக்கிறான். அவன் எதிரிக்கு ரகசியம் விற்றவன் என்று தெரியவருகிறது. சுட்ட துப்பாக்கி இருந்தது மனைவி உஷாவின் (பண்டரிபாய்) கையில். வீட்டுக்குள்ளேயே ஒரு நாசகாரன், அவனைக் கொல்லும் மனைவி. விதை ஒன்றுதான். ஒன்றைப் பார்த்து மற்றொன்று வந்தது என்று நான் சொல்லவரவில்லை. யுத்த காலம் பல ஊர்களில் ஒரே மாதிரிக் கதைகளை யோசிக்க வைத்திருக்கும்.

வித்தியாசம், சொல்லும் வரிசையில். ‘அந்த நாள்’ சாவில் தொடங்கி, பக்கத்து வீட்டுக்காரர், தம்பி, தம்பி மனைவி, காதலி என்று ஒவ்வொருவர் சொல்வதையும் கேட்டு, கடைசியில் மனைவியிடம் வந்து நிற்கிறது. நாம் சிவானந்தத்தோடு சேர்ந்து துப்பறிகிறோம். மூளை வேலை செய்கிறது, ரசிக்கிறோம். ஹிட்ச்காக் இந்த வகையை யார்-கொன்றது விடுகதை என்று கொஞ்சம் இளக்காரமாகவே பேசுவார், அதில் நெஞ்சுக்கு வேலையில்லை என்பது அவர் குறை. ‘அந்த நாள்’ பார்த்தால் அவர் அவ்வளவு உறுதியாகச் சொல்லமாட்டார் என்று நினைக்கிறேன். முடிவு தெரிந்து இரண்டாம் முறை பாருங்கள். பண்டரிபாயின் முகத்தைத் தவிர வேறெதையும் பார்க்கமாட்டீர்கள். முதல் தடவை மர்மப் படமாக இருந்தது, இரண்டாம் தடவை ஹிட்ச்காக் சொன்ன சஸ்பென்ஸ் படமாகிவிடுகிறது.

தெரிந்த கதைக்குப் பதறுவது நமக்கு ஒன்றும் புதிதில்லை. விடிந்தால் கர்ணன் சாவான் என்று தெரிந்துதான் ஊரே பாயை எடுத்துக்கொண்டு கூத்துப் பார்க்கப் போகிறது. சிலம்பில் பதிகத்திலேயே முழுக் கதையும் வந்துவிடுகிறது. ஆனாலும் கோவலன் சிலம்பை அந்தப் பொற்கொல்லனிடம் காட்டும் இடத்தில் எனக்கு ஒவ்வொரு வருடமும் வகுப்பில் குரல் தடுமாறும். தமிழாசிரியர் விடுப்பில் போனால் அந்தப் பாடவேளை எனக்கு வரும்.

‘சபோட்டாஜ்’ தப்பு என்று சொன்ன ஹிட்ச்காக் அந்த வித்தையை விட்டுவிடவில்லை. 1958இல் ‘வெர்டிகோ’. புவலோ, நார்செஜாக் என்ற இரட்டையர் எழுதிய பிரெஞ்சு நாவல். அதில் ரகசியம் கடைசியில்தான் உடையும். ஹிட்ச்காக் அதைப் படம் முடிய இன்னும் வெகுநேரம் இருக்கும்போதே, அந்தப் பெண் ஒரு கடிதம் எழுதிக் கிழித்துப்போடும் காட்சியில், பார்ப்பவனுக்குச் சொல்லிவிட்டார். கதாநாயகனுக்குச் சொல்லவில்லை. கூட இருந்தவர்கள் எல்லாரும் வேண்டாம் என்றார்களாம். அவர் கேட்கவில்லை. படம் வந்தபோது சுமாரான வரவேற்புதான். 2012இல் ‘சைட் அண்ட் சவுண்ட்’ பத்திரிகை நடத்திய விமர்சகர் வாக்கெடுப்பில், ஐம்பது வருடமாக முதலிடத்தில் இருந்த ‘சிட்டிசன் கேன்’ படத்தை இறக்கிவிட்டு அது மேலே போனது.

‘சைக்கோ’வில் (1960) ஒளித்துவைக்கவும் செய்தார். தாமதமாக வருபவர்களை உள்ளே விடாதே என்று கொட்டகைக்காரர்களுக்கு உத்தரவே போட்டார். ஆனால் அதிலும் எனக்குப் பிடித்த இடம் குளியலறை இல்லை. செத்த பெண்ணின் காரை அந்த விடுதிக்காரப் பையன் சதுப்புக் குட்டையில் தள்ளுகிறான். கார் அமிழ்ந்துகொண்டே போய்ப் பாதியில் நின்றுவிடுகிறது. அவன் முகம் வெளுக்கிறது. நமக்கும் ஒரு கணம் திக்கென்கிறது. மறுபடி அமிழ்ந்ததும் மூச்சு விடுகிறோம். ஒரு கொலையை மறைப்பவனுக்காகவா நாம் மூச்சைப் பிடித்தோம்? தாயின் குற்றத்தை மறைக்கும் மகன் என்று அப்போது நினைத்துக்கொண்டிருக்கிறோம் என்பது உண்மை. இருந்தாலும் அவனோடு சேர்ந்து ஒரு விஷயத்தைத் தெரிந்து வைத்திருக்கிறோம், அதுவே நம்மை அவன் பக்கம் சாய்த்துவிட்டது.

எனக்குள்ள மனத்தாங்கல் இதுதான். ஹிட்ச்காக்கின் மேசைக்குண்டு உதாரணத்தை உலகம் முழுக்க எடுத்துக்கொண்டது. கூடவே, குண்டு வெடிக்கக் கூடாது என்ற அவருடைய வருத்தத்தையும் விதியாக எடுத்துக்கொண்டது. சிவப்பு ஒயரா நீல ஒயரா என்று வியர்த்து, எண் 1இல் நிற்கும் கடிகாரங்களை எத்தனை படத்தில் பார்த்துவிட்டோம்! இப்போது எந்தக் குண்டைக் காட்டினாலும் நமக்குப் பயம் வருவதில்லை, அது வெடிக்காது என்று தெரியும். கிரீனிச்சில் வெடித்தது. நிஜத்தில் பொட்டலம் தூக்கிக்கொண்டு போகிறவன் சாகிறான், பக்கத்து இருக்கைக்காரரும் சாகிறார். படம் வந்து நான்கே வருடத்தில், 1940 அக்டோபரில், விமானக் குண்டு பறித்த பள்ளத்தில் ஒரு லண்டன் பேருந்து தலைகுப்புற விழுந்து கிடக்கும் புகைப்படம் பால்ஹாமில் எடுக்கப்பட்டது. 2005 ஜூலை 7 அன்று டாவிஸ்டாக் சதுக்கத்தில் 30ஆம் எண் பேருந்தில் 13 பேர் இறந்தார்கள். 1936இல் அந்த ஒரு படம் மட்டும் உள்ளதை உள்ளபடி காட்டியது. எடுத்தவரே அதற்காக வருந்தியது எனக்கு வருத்தம்.

‘சபோட்டாஜ்’ 76 நிமிடம்தான். இணையத்தில் தேடினால் கிடைக்கும், பழைய பிரதி, ஒலி கொஞ்சம் கரகரக்கும். வீட்டில் சின்னப் பிள்ளைகள் இருந்தால் அவர்கள் தூங்கிய பிறகு போடுங்கள். நடத்துநரின் முகத்தைக் கவனியுங்கள். ‘அந்த நாள்’ பார்த்து நாளாகியிருந்தால் அதையும் அடுத்த நாள் பாருங்கள், இந்த வரிசையில். கிரிஃபித்தைப் பற்றி ஒரே வரியில் தாண்டிவிட்டேன். தொலைபேசியும் கம்பியறுந்த வீடுமாக அந்தக் காலத்துக் குறும்படங்கள் தனிக்கதை, அடுத்த ஞாயிறு எழுதுகிறேன்.